ஸ்டேஷன் புகாரா, எஸ்.பி. மனுவா?

நீலகிரியில் கேத்தி பக்கம் கேரட் தோட்டத்தில் மோட்டார் திருடு போனால் முதலில் எங்கே போவது? போலீஸ் ஸ்டேஷனுக்கா, மாவட்டக் காவல் கண்காணிப்பாளரான எஸ்.பி.யிடமா? இங்கே பலரும் தடுமாறும் இடம் இது.

செலவு: இரண்டுக்கும் கட்டணம் இல்லை. ஆனால் எஸ்.பி. அலுவலகம் ஊட்டியில். கூடலூர்க்காரருக்கு 50 கிலோமீட்டர் மலைப்பாதை, ஒரு நாள் கூலியும் போச்சு. மனுவைத் தபாலிலும் அனுப்பலாம்.

வேகம்: ஸ்டேஷன்தான். அறுந்து கிடக்கும் ஒயரையும் ஈரமண்ணில் பதிந்த செருப்புத் தடத்தையும் அடுத்த மழைக்குள் பார்த்தாக வேண்டுமே! எந்த வளைவில் விளக்கு எரியவில்லை, எத்தனை மணிக்கு ரோந்து வேண்டும் என்பதையும் அங்கேயே சொல்லுங்கள். திருடனைப் பிடிப்பதோடு, திருட்டு திரும்ப நடக்காமல் இருப்பதும் முக்கியம்.

பொறுப்பு: வாயால் சொல்லிவிட்டுத் திரும்பாதீர்கள். குற்ற வழக்கு நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 173-ஆவது பிரிவுப்படி, வாய்மொழிப் புகாரையும் எழுதி, வாசித்துக் காட்டி, கையெழுத்து வாங்க வேண்டும். எஃப்.ஐ.ஆர். (முதல் தகவல் அறிக்கை) நகல் இலவசம். புகார் வந்ததற்கு ஸ்டேஷனில் தரும் சி.எஸ்.ஆர். ரசீது எஃப்.ஐ.ஆர். ஆகாது, இந்தக் குழப்பத்தில்தான் பலர் மாதக்கணக்கில் காத்திருக்கிறார்கள்.

சரி, எஸ்.பி. மனு எப்போது? ஸ்டேஷனில் பதிய மறுத்தால். 173(4) அதற்குத்தான் இருக்கிறது. அங்கும் நடக்கவில்லையென்றால் மாஜிஸ்திரேட்டிடம் போகலாம். புகார் நகலையும் தபால் ரசீதையும் பத்திரமாக வையுங்கள்.