பாம்பனில் லாகின்: லினக்ஸின் பாமா, விண்டோஸின் கிரெடென்ஷியல் புரொவைடரா?

பாம்பனில் ஒரு ஐஸ் கம்பெனி ஆபீஸ். ஒரு கம்ப்யூட்டரில் லினக்ஸ், இன்னொன்றில் விண்டோஸ். இரண்டிலும் பாஸ்வேர்டோடு யுஎஸ்பி சாவியும் கேட்கவேண்டும் என்றார் முதலாளி. கைரேகை முதல் நாளே தோற்றது; ஐஸ் அள்ளி ஊறிச் சுருங்கிய விரலை ரீடர் ஏற்கவில்லை.

லினக்ஸில் இது பாம் (PAM) என்ற, லாகினைச் சரிபார்க்கும் நிரல் நூலகத்தின் வேலை. (ஊர்ப்பெயரில் பாதி, கிண்டலுக்குக் குறைவில்லை.) 1995இல் சன் நிறுவனத்தார் முன்வைத்த யோசனை. லாகின் போன்ற ஒவ்வொரு சேவைக்கும் ஒரு சின்ன ஃபைல், அதில் சாவியைச் சரிபார்க்கும் மாட்யூலின் (துணை நிரலின்) பெயரோடு ஒரு வரி சேர்த்தால் போதும். 'ரிக்வயர்டு' என்று எழுதினால் சாவி கட்டாயம். அப்படித்தான் எழுதினேன். உப்புக்காற்றில் சாவியின் முனை பச்சை பூத்த அன்று நானே லாகின் செய்ய முடியாமல் வெளியே நின்றேன். பென்டிரைவில் பூட் செய்து அந்த வரியை அழிக்கவேண்டியதாயிற்று. இப்போதெல்லாம் முழு உரிமையுள்ள ரூட் டெர்மினல் ஒன்றைத் திறந்து வைக்காமல் அந்த ஃபைலைத் தொடுவதில்லை.

விண்டோஸ் கதை வேறு. எக்ஸ்பி வரை லாகினைக் கவனித்தது ஜினா என்ற ஒரே டிஎல்எல் (நிரல் ஃபைல்). அதை மாற்றினால் லாகின் திரை மொத்தமும் நம் தலையில். விஸ்டாவில் வந்த கிரெடென்ஷியல் புரொவைடர்கள் ஒன்றுக்கொன்று இடிக்காமல் பக்கத்தில் பக்கத்தில் இருக்கும். ஆனால் அவை விவரத்தை வாங்கிக் கொடுப்பதோடு சரி, சரிபார்ப்பது எல்எஸ்ஏ என்ற விண்டோஸின் பாதுகாப்புப் பகுதி. பாம் மாட்யூலோ கேட்பதும் அதுவே, சரிபார்ப்பதும் அதுவே. புரொவைடரைப் பெரும்பாலும் சி++இல் எழுதி, விண்டோஸின் அமைப்புகள் இருக்கும் ரெஜிஸ்ட்ரியில் பதியவேண்டும்; ஒரு வரியில் முடியாது.

என்னைக் கேட்டால் சின்ன ஆபீஸுக்குப் பாம்தான். விண்டோஸுக்கு நாமே எழுத உட்காராமல், ஆயத்தமாக இருப்பதை வாங்கிவிடலாம்.