கிருஷ்ணகிரி டிவிடி கடையில் சார்லஸ் கிரைட்டன்

கிருஷ்ணகிரி ரவுண்டானாவுக்கு அருகே, கைப்பேசி பழுதுபார்க்கும் கடையின் பின்பாதியில் இன்றும் இயங்கிவரும் டிவிடி வாடகைக் கடையில், அயல்நாட்டுப் படங்கள் நடிகர் பெயரால் அல்லாமல் இயக்குநர் பெயரால் அடுக்கப்பட்டுள்ளன. இந்த முறையின் பயனும் குறையும் பிரிட்டிஷ் இயக்குநர் சார்லஸ் கிரைட்டனின் (1910–1999) வரிசையில் தெளிவாகத் தெரிகின்றன.

அவர் இயக்கத்திற்கு வருமுன் படத்தொகுப்பாளராக இருந்தவர் என்பதை அறிந்தே கடைக்காரர் அவ்வரிசையை 1937-இல் வெளிவந்த 'எலிஃபண்ட் பாய்' படத்திலிருந்து தொடங்கியிருக்கிறார். மைசூர்ப் பகுதியில் பெருமளவு படமாக்கப்பட்டு, அவ்வூர்ப் பக்கத்துச் சிறுவன் சாபுவை உலகறியச் செய்த அப்படத்தைத் தொகுத்தவர் கிரைட்டனே. தேன்கனிக்கோட்டைக் காட்டு யானைகளைப் பற்றிய செய்தியை அடிக்கடி படிக்கும் நம் மாவட்டத்தாருக்கு அதில் தனி ஈர்ப்பு இருக்கும். அடுத்து ஈலிங் படப்பிடிப்பு நிலையத்தின் படங்கள்: குண்டுவீச்சில் சிதைந்த லண்டனில் சிறுவர்கள் திருடர்களைத் துரத்தும் 'ஹியூ அண்ட் க்ரை' (1947), அதன்பின் 'தி லாவெண்டர் ஹில் மாப்' (1951). வங்கியின் தங்கக் கட்டிகளுக்குப் பல்லாண்டு காவலாகச் சென்றுவரும் சாதுவான எழுத்தர் ஒருவர், அத்தங்கத்தை உருக்கி ஈஃபிள் கோபுரப் பொம்மைகளாக வார்த்துக் கடத்தத் திட்டமிடும் கதை அது. அலெக் கின்னஸும் ஸ்டான்லி ஹாலோவேயும் அக்கோபுரத்தின் சுழல் படிக்கட்டில் தலைசுற்றச் சிரித்தபடி ஓடி இறங்கும் காட்சியில், ஒரு துண்டுகூட தேவைக்கு மேல் நீடிக்காமல் வெட்டப்பட்டிருப்பதைக் கவனித்தால், படத்தொகுப்பு மேசையில் கழிந்த ஆண்டுகள் வீணாகவில்லை என்பது விளங்கும். திரைக்கதைக்காக டி. இ. பி. கிளார்க் ஆஸ்கர் பெற்றார். அப்படத்தின் வேகத்திற்குக் காரணம் இயக்குநரே என்பது என் கருத்து.

குறை இதற்குப் பின்னர்தான். பீட்டர் செல்லர்ஸ் நடித்த 'தி பேட்டில் ஆஃப் த செக்ஸஸ்' வட்டை ஒட்டியே 1988-ஆம் ஆண்டின் 'எ ஃபிஷ் கால்ட் வாண்டா' நிற்கிறது. பார்ப்பவர் கிரைட்டன் கால் நூற்றாண்டுக்கு மேல் சும்மா இருந்தார் என்றே நினைப்பார். 1955-இல் ஈலிங் நிலையத்தையே பி.பி.சி. வாங்கிவிட்ட காலமாற்றத்தில், 'பேர்ட்மேன் ஆஃப் ஆல்கட்ராஸ்' படத்தை இயக்கத் தொடங்கி, பாதியில் மாற்றப்பட்டுத் திரும்பிய கிரைட்டன், 'டேஞ்சர் மேன்', 'தி அவெஞ்சர்ஸ்', 'ஸ்பேஸ்: 1999' முதலிய தொலைக்காட்சித் தொடர்களில் உழைத்துக்கொண்டிருந்தார். அத்தொடர்கள் கடையில் இல்லாமலில்லை; எதிர்ச் சுவரில் தொடரின் பெயரால் அடுக்கப்பட்டுள்ளன. இயக்குநர் என்ற அளவுகோலைத் திரைப்படத்திற்கு மட்டும் வைத்து, சின்னத்திரைக்கு மறுப்பது சரியன்று. குறைந்த நாள்களில் கதையை முடித்துக்கொடுத்த அந்தப் பழக்கம் இல்லாமல், 77 வயதில் நகைச்சுவை நடிகர் ஜான் கிளீஸுடன் இணைந்து 'வாண்டா'வை அத்தனை விறுவிறுப்பாக அவர் எடுத்திருக்க முடியுமா? இயக்கம், திரைக்கதை இரண்டுக்கும் அவர் ஆஸ்கர் பரிந்துரை பெற்ற படம் அது.

மற்றபடி சேவையில் குறையில்லை. வட்டை நம் கண்முன் ஓட்டிக் காட்டிய பிறகே முன்பணம் வாங்குகிறார்கள். தமிழ் சப்டைட்டில் எதிலும் கிடையாது. பழைய லண்டன் பேச்சுவழக்கைப் பின்தொடர ஆங்கில சப்டைட்டில் தேவைப்படும் என்பதால், அது இருக்கிறதா என்று கேட்டு வாங்குவது நலம். தர்மபுரியிலிருந்து வருபவர்கள் இரண்டு மூன்று வட்டுகளைச் சேர்த்தே எடுத்துக்கொள்ளலாம். 'லாவெண்டர் ஹில் மாப்' வீட்டிலுள்ள அனைவரும் பார்க்கக்கூடியது; 'வாண்டா' பிள்ளைகள் உறங்கிய பின் பார்க்க வேண்டியது.