268 வெள்ளி போச்சு: மெக்கானிக்கல் கீபோர்டு வாங்கப் போகிறவர்கள் படிக்கவும்

268 சிங்கப்பூர் வெள்ளி. ஒரு கீபோர்டுக்கு! கோபம் தணியட்டும் என்று காத்திருந்தால் இதை எழுதவே மாட்டேன், அதனால் இப்போதே எழுதிவிடுகிறேன். இந்த வாரக் கடைசியில் யாராவது மெக்கானிக்கல் கீபோர்டு (ஒவ்வொரு பொத்தானுக்கு அடியிலும் தனி சுவிட்ச் இருப்பது) வாங்கக் கிளம்புகிறீர்கள் என்றால், இதைப் படித்துவிட்டுப் போங்கள்.

கடையின் பெயரைச் சொல்லப் போவதில்லை. புகார் கொடுத்திருக்கிறேன், அது முடியட்டும். கணினிச் சாமான் விற்கும் கடைத்தொகுதி ஒன்றின் மேல்மாடியில் இருக்கும் சின்னக் கடை, சுவர் முழுக்க வண்ண விளக்கு மின்னும் கீபோர்டுகள். அது மட்டும் போதும்.

நான் வீட்டிலிருந்து தமிழ் மொழிபெயர்ப்பு செய்கிறேன். வேலை பெரும்பாலும் இரவில்தான். மூவறை வீவக (அரசு அடுக்குமாடி) வீடு, நான் வேலை செய்யும் அறையில்தான் குழந்தை தூங்கும். கடையில் முதலில் நான் கேட்டதே இதைத்தான்: சத்தம் வரக்கூடாது. விற்ற தம்பி தமிழ்ப் பையன். "கவலைப்படாதீங்க அக்கா, இதைத் தட்டிப் பாருங்க" என்று காட்சிக்கு வைத்திருந்த ஒன்றை எடுத்துக் கொடுத்தார். உண்மையிலேயே சத்தம் இல்லை, விரலுக்கு இதமாக இருந்தது.

அப்புறம் அவர் செய்ததுதான் என்னை முழுசாக நம்ப வைத்தது. சின்ன இடுக்கி ஒன்றால் ஒரு பொத்தானின் மூடியைக் கழற்றினார். அடியில் இருந்த சுவிட்சையும் பிடுங்கி என் உள்ளங்கையில் வைத்தார். பிளாஸ்டிக் கூடு, உள்ளே ஒரு ஸ்பிரிங், கீழே இரண்டு செம்புக் கால்கள். "ஒண்ணு கெட்டா அதை மட்டும் நீங்களே மாத்திக்கலாம் அக்கா. ஹாட் ஸ்வாப். திரும்பப் போடுங்க பார்க்கலாம்" என்றார். போட்டேன், டக்கென்று உட்கார்ந்தது. "பெட்டியில இருக்கிறதும் இதேதானா?" என்று கேட்டேன். "இதே மாடல்தான் அக்கா, நானே வீட்டுல இதுதான் வச்சிருக்கேன்." நெட்ஸில் (வங்கி அட்டையில்) 268 வெள்ளி கட்டிவிட்டு வந்தேன்.

வீட்டில் பிரித்து முதல் பொத்தானைத் தட்டியதும் 'க்ளிக்' என்று கேட்டது. நீல சுவிட்ச்! இந்த வகையில் நீலம் என்றாலே சத்தம் போடுவதற்காகச் செய்தது, சிவப்புதான் வழுவழுவென்று இறங்குவது. பெட்டியின் பக்கவாட்டில் பொடி எழுத்தில் 'நீலம்' என்று இருந்தது. சரி, சுவிட்சை மாற்றிக்கொள்ளலாம் என்று இடுக்கியால் இழுத்தேன். அசையவே இல்லை. பலகையோடு சேர்த்து ஈயப்பற்று வைத்திருக்கிறார்கள். ஒரே மாடல் பெயரில் இரண்டு வகை வருகிறது, கழற்றக்கூடியதைக் காட்டிவிட்டுக் கழற்ற முடியாததை என் தலையில் கட்டியிருக்கிறார்கள்.

அதற்குமேல் இன்னொன்று. கொஞ்ச நாளிலேயே 'ட' பொத்தான் ஒரு தட்டுக்கு இரண்டாக விழ ஆரம்பித்தது. சுவிட்சுக்குள் இருக்கும் உலோகத் தொடுமுனை ஒட்டும்போது சில மில்லி விநாடிகள் துள்ளும். அந்தத் துள்ளலைக் கணக்கில் எடுக்காமல் விடக் கீபோர்டுக்குள் மென்பொருள் உண்டு. தொடுமுனை சரியில்லை என்றால் அதையும் மீறிவிடும். ஆங்கிலத்தில் தட்டுபவர்களுக்கு ஓர் எழுத்து கூடுதலாக வரும், எழுத்துப்பிழை காட்டும் கோடு விழுந்துவிடும். நான் தட்டுவது தமிழ்99 என்ற தமிழ் விசை அமைப்பில். அதில் ஒரே மெய்யை இரண்டு முறை தட்டினால் முதலாவதில் தானாகப் புள்ளி விழும். 'படம்' என்று அடித்தால் 'பட்டம்', 'எடு' என்றால் 'எட்டு', 'கடை' என்றால் 'கட்டை'. எல்லாமே சரியான சொற்கள், எந்தக் கோடும் விழாது. வாடிக்கையாளருக்கு அனுப்பிய ஆவணத்தில் இப்படி ஒன்று போய், அவர் கூப்பிட்டுக் கேட்டார். பல வருஷம் கட்டிக் காத்த பெயர். பெட்டியில் '5 கோடி தட்டு தாங்கும்' என்று பெரிதாகப் போட்டிருக்கிறார்கள்!

வேறு குறைகளும் இருக்கின்றன, யாரும் வாங்குவதற்கு முன் சொல்வதில்லை. உயரம் அதிகம், மணிக்கட்டு மேல்நோக்கி வளைகிறது, கைதாங்கி தனியாக வாங்க வேண்டும். கனம். பொத்தான்களுக்கு இடையே தூசி கொட்டுகிறது. மூடிகள் ஏபிஎஸ் பிளாஸ்டிக்காக இருந்தால் சீக்கிரம் பளபளத்து வழுக்கும், பிபிடி என்றால் தாங்கும்.

திரும்பக் கொண்டுபோனபோது அந்தத் தம்பியின் முகமே மாறிவிட்டது. 'அக்கா' போய் 'மேடம்' வந்தது. "பெட்டியைப் பிரிச்சிட்டீங்க மேடம், எடுத்துக்க முடியாது." பிரிக்காமல் எப்படித் தெரிந்துகொள்வது? அடுத்த முறை போனால் முதலாளி இல்லை. அதற்கடுத்து, தயாரிப்பாளருக்கு நீங்களே எழுதுங்கள் என்றார்கள். வாட்சாப்பில் நீல டிக் விழுகிறது, பதில் இல்லை. கடைசியாக வந்த ஒரே பதில்: "சிங்கப்பூர் ஈரப்பதத்துல அப்படித்தான் ஆகும்." சிங்கப்பூரில் கடை வைத்து, சிங்கப்பூரில் இருப்பவர்களிடம் விற்கும் பொருள் சிங்கப்பூர்க் காற்றைத் தாங்காது என்றால் அதை ஏன் விற்கிறீர்கள்? ரொம்ப வற்புறுத்தியதும், 80 வெள்ளிக்கு வேறு சாமான் எடுத்துக்கொள்ளச் சொன்னார்கள். நான் கொடுத்தது 268 வெள்ளி.

இங்கே 2012 செப்டம்பர் முதல் லெமன் சட்டம் இருக்கிறது, குறையுள்ள பொருளை வாங்கியவர்களைக் காக்கும் சட்டம். பொருள் கைக்கு வந்த 6 மாதத்துக்குள் குறை தெரிந்தால், வாங்கும்போதே அந்தக் குறை இருந்தது என்றுதான் பொதுவாக எடுத்துக்கொள்வார்கள். இல்லை என்று நிரூபிப்பது கடையின் பொறுப்பு. முதலில் பழுது பார்க்கவோ மாற்றவோ கேட்கலாம், அதைச் செய்யாவிட்டால் விலையைக் குறைக்கவோ பணத்தைத் திருப்பவோ கேட்கலாம். பெட்டியைப் பிரித்துவிட்டீர்கள் என்ற பேச்சு இதில் செல்லாது. பயனீட்டாளர் சங்கத்தில் எழுதிக் கொடுத்துவிட்டேன். அதிலும் அசையவில்லை என்றால் சிறு கோரிக்கை நடுவர் மன்றம்தான். 20,000 வெள்ளி வரை அங்கே கேட்கலாம், வக்கீல் கிடையாது, 5,000 வெள்ளிக்குள் என்றால் பயனீட்டாளருக்கு மனுக் கட்டணம் 10 வெள்ளி. 268 வெள்ளிக்கு இவ்வளவா என்று வீட்டில் கேட்கிறார்கள். ஆமாம், இவ்வளவுதான்.

வாங்குபவர்களுக்கு விவரமாக எழுத நினைத்தேன், நாளைக் காலைக்குள் ஒரு வேலை முடிக்க வேண்டும். அவசரமாகச் சொல்கிறேன். காட்சிக்கு இருப்பதைத் தட்டிப் பார்த்து வாங்காதீர்கள், உங்களுக்கென்று எடுத்த பெட்டியைக் கடையிலேயே பிரித்து, ஒரு சுவிட்சைப் பிடுங்கிக் காட்டச் சொல்லுங்கள். சுவிட்ச் நிறமும் 'ஹாட் ஸ்வாப்' என்பதும் ரசீதில் எழுதியிருக்க வேண்டும். எழுத மாட்டேன் என்றால் வெளியே வந்துவிடுங்கள். தமிழ்99 அடிப்பவர்கள் வாங்கிய அன்றே ஒவ்வொரு மெய்யையும் தட்டிப் பாருங்கள், இரட்டித்தால் உடனே வீடியோ எடுத்து வையுங்கள். வாட்சாப் உரையாடலை அழிக்காதீர்கள்.