நாடிக்கண் ஸ்கேனர்: பல உலகம் சுற்றிய வைத்தியச்சியின் அனுபவம்

ஞாயிறு சாயங்காலம் பெங்களூரு அல்சூரில் ஒரு மாடி வீட்டில் கூடி, பகடை உருட்டிக் கதையாடும் கூட்டம் எங்களுடையது. ஓர் அண்டத்தின் வாசல் வழியே இன்னோர் அண்டத்துக்குப் போகும் கதை. மந்திரவாதியும் வருவார், விண்கலமும் வரும். அதில் நான் வைத்தியச்சி. உடம்புக்குள் பார்த்துப் படம் காட்டும் நாடிக்கண் என்கிற கற்பனை ஸ்கேனர் பல வருடமாக என் பையில்தான் கிடக்கிறது. புதிதாக ஆட்டம் தொடங்கும் சில பேர், இதைத் தங்கள் கதையிலும் சேர்க்கலாமா என்று கேட்டதால் எழுதுகிறேன். தாராளமாகச் சேர்க்கலாம், ஆனால் இதை வைத்துக்கொண்டு சுகமாக ஆடலாம் என்று மட்டும் நினைக்க வேண்டாம்.

மற்ற கதைகளில் ஸ்கேனரை நோயாளி முன்னால் காட்டினால் போதும், நோயின் பெயரையே சொல்லிவிடும். அப்புறம் வைத்தியருக்கு அங்கே என்ன வேலை? ஆட்டத்தை நடத்தும் எங்கள் கேம் மாஸ்டர் அண்ணா பகலில் ஒரு ஆஸ்பத்திரியில் எம்.ஆர்.ஐ. எடுப்பவர். அதனால் நாடிக்கண்ணின் தொல்லைகள் எல்லாம் அசல் மெஷின்களிலிருந்து வந்தவை. நிழல் (எக்ஸ்-ரே வைத்து எடுக்கும் சி.டி. மாதிரி), எதிரொலி (அல்ட்ராசவுண்டு மாதிரி), காந்தம் (எம்.ஆர்.ஐ. மாதிரி) என்று மூன்று வகையில் பார்க்கலாம்.

எதிரொலி மலிவு, வேகம். ஆனால் காற்று இருந்தால் ஒலி உள்ளே போகாமல் திரும்பிவிடும். அல்ட்ராசவுண்டுக்கு வயிற்றில் குளிர்ந்த ஜெல் தடவுவது இதனால்தான். ஆட்டத்தில் அதற்குப் பதில் ஒரு பசை. ஒவ்வொரு கிண்ணத்துக்கும் அண்ணா தனியாகக் காசு கழிப்பார், அநியாயம். பசை தீர்ந்த சமயம் பார்த்துத்தான் எவனாவது வயிற்றில் குத்து வாங்கிக்கொண்டு வருவான்.

ஒரு ராஜா கர்ப்பிணி ராணியைக் கூட்டி வந்து “ஆணா பெண்ணா பாரு” என்றார். திரையில் ஒன்றுமே வரவில்லை. நம் ஊரில் 1994 சட்டப்படி அதைச் சொல்லக்கூடாது. “எந்த அண்டத்துக்குப் போனாலும் என் மெஷின் சொல்லாது” என்று அண்ணா முடித்துவிட்டார். அந்த விதியை யாரும் எதிர்க்கவில்லை.

காந்தம்தான் படத்தில் அழகு, நடைமுறையில் தலைவலி. ஆஸ்பத்திரியில் சாதாரணமாக இருக்கும் 1.5 டெஸ்லா காந்தம், பூமியின் காந்தப் புலத்தைவிடச் சுமார் 30,000 மடங்கு பலமானது. ஸ்கேன் ஓடாத நேரத்திலும் அந்த இழுப்பு அப்படியே இருக்கும். நாடிக்கண்ணிலும் அதே கதை. எங்கள் வீரனின் தோளில் பழைய அம்பு முனை ஒன்று உடைந்து தங்கிவிட்டது. அதனால் அவனுக்குக் காந்தப் படம் கிடையவே கிடையாது. ஒரு கிராமத்துப் பெண்ணைப் படுக்க வைத்ததும் அண்ணா சிரித்துக்கொண்டே, “தாலிச் சரட்டுல ஊக்கு இருக்கா, கேட்டீங்களா?” என்றார். பார்த்தால் மூன்று ஊக்கு! தினமும் வேலையில் பார்க்கிற மனிதருக்குத்தான் இது தோன்றும்.

இனி முக்கியமான விஷயம், தண்ணீர். பொறியாளர் ஹவுன்ஸ்ஃபீல்டு உருவாக்கிய சி.டி. ஸ்கேனரில் முதல் நோயாளியைப் படம் எடுத்தது 1971இல், லண்டனில். எது எக்ஸ்-ரேயை எவ்வளவு தடுக்கிறது என்று காட்டும் சி.டி. அளவுகோலுக்கு அவர் பெயர்தான். எண் ஏற ஏறப் படத்தில் வெள்ளையாகத் தெரியும். அதில் தண்ணீர் 0, காற்று -1000, ஈரல் ஐம்பது அறுபதுக்குப் பக்கம், எலும்பு அதற்கெல்லாம் மேலே. மெஷின் சரியாக இருக்கிறதா என்று பார்க்க, தண்ணீர் நிரப்பிய உருளையை வைத்துச் சோதிப்பார்கள். நாடிக்கண்ணின் நிழல் முறைக்கும் இதே அளவுகோல். ஆனால் வாசல் தாண்டியதும் அந்த உலகத்துத் தண்ணீரை ஒரு கிண்ணத்தில் பிடித்துக் கருவிக்குக் காட்ட வேண்டும். அந்தத் தண்ணீர்தான் அங்கே 0.

ஒருமுறை துரத்தல், ஓட்டம், கிண்ணத்துக்கு யாருக்கும் நேரமில்லை. போய்ச் சேர்ந்தது தண்ணீரே கனமாக இருக்கும் உலகம். அங்கே பிறந்த வழிகாட்டிப் பையனுக்குக் காய்ச்சல். படத்தில் ஈரல் எலும்பு மாதிரி வெள்ளை வெளேர் என்று தெரிந்தது. மந்திரவாதியாக ஆடுபவர் ஈரல் கல்லாகிவிட்டது, சாபம்தான் என்று சத்தியம் செய்தார். வீரன் அறுத்துப் பார்க்கலாம் என்றான். டீ ஆறும்வரை சண்டை. கடைசியில் ஒருத்தி போய் ஓடையில் தண்ணீர் மொண்டு வந்தாள். 0 நகர்ந்தது, ஈரல் ஈரலாகத் தெரிந்தது. பையனுக்கு வந்தது வெறும் சளிக் காய்ச்சல்.

எங்கள் ஆட்டத்தில் இதைவிடச் சூடான சாயங்காலம் இருந்ததில்லை. போர்க் காட்சிகூட இந்த அளவுக்கு இழுத்துப் பிடிக்கவில்லை. கருவி சொன்ன எண்ணில் பிழை இல்லை, எதை 0 என்று வைத்து அளந்தது என்பதில்தான் வில்லங்கம். இதயம் வலப்பக்கம் இருக்கும் மக்களின் உலகத்திலும் கருவி சிவப்பு விளக்கைப் போட்டு அலறியது. நம் உலகத்திலேயே அப்படிப் பிறந்து நன்றாக வாழ்கிறவர்கள் உண்டு.

மறு உடல் காட்சி என்று ஒரு கூடுதல் வசதியும் உண்டு. இன்னோர் அண்டத்தில் இருக்கும் உங்கள் நகலுக்கு என்ன நோய் என்று காட்டும். கேட்க ஜோர். ஆனால் அங்கே ஒரு கட்டி தெரிந்தால், இங்கே இருப்பவர் கதையை மறந்துவிட்டு அதையே நினைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார். இரண்டு பேர் தங்களைப் பார்க்கவே கூடாது என்று சொல்லிவிட்டார்கள். நாங்கள் அதை மூட்டை கட்டி வைத்துவிட்டோம். நீங்களும் சேர்க்காதீர்கள்.

அடுத்த பதிப்பில் காந்தத்தை நிறுத்த ஒரு பொத்தான் வேண்டும் என்று கேட்டிருக்கிறேன். அண்ணா யோசித்துவிட்டு, “வைக்கிறேன். ஆனா அழுத்தினா அசல்ல நடக்கிற மாதிரி காந்தத்தைக் குளிர வைக்கிற ஹீலியம் பூரா ஆவியாப் போயிடும். திரும்ப நிரப்பற செலவு உங்க பையிலிருந்து” என்றார். பசைக்கே காசு இல்லை எங்களிடம்.