பெடலை விடத் தெரிந்தால் மீன் சிக்கும்

வீட்டு முன்னறையில் பதினாறு வருஷமாக பிளவுஸ் தைத்துக்கொண்டிருக்கிறேன். ‘ஸ்டார்டியூ வேலி’ என்ற கம்ப்யூட்டர் விளையாட்டுக்கு விமர்சனம் எழுத எனக்கு என்ன தகுதி என்று கேட்டால், ஒன்றுதான் சொல்ல முடியும்: அந்த விளையாட்டில் மீன் பிடிக்கத் தெரியாமல் ஒரு வசந்த காலம் முழுவதையும் தொலைத்தவள் நான். வசந்தம் என்றால் அதில் 28 நாள். ஒரு நாள் நம் கடிகாரத்தில் ஏறக்குறைய 14 நிமிஷம். கூட்டிப் பார்த்தால் ஆறரை மணி நேரம். அந்த நேரத்தில் நாலு லைனிங் பிளவுஸ் முடித்திருப்பேன்.

சென்னையில் படிக்கிற என் மகள் பொங்கல் லீவுக்கு வந்தபோது, அவளுடைய பழைய லேப்டாப்பில் இதைப் போட்டுக்கொடுத்துவிட்டுப் போனாள். “ராத்திரி சீரியல் பார்க்கிறதுக்கு இத விளையாடும்மா, யாரும் யாரையும் விஷம் வெச்சுக் கொல்ல மாட்டாங்க” என்றாள். தாத்தா விட்டுப்போன பண்ணைக்கு வந்து, கல் பொறுக்கி, களை வெட்டி, விதை போட்டு, பக்கத்து ஊர்க்காரர்களோடு பழகுகிற விளையாட்டு. படம், இசை, நிரல், கதை எல்லாவற்றையும் எரிக் பரோன் என்ற ஒரே ஆள் நாலரை வருஷம் உட்கார்ந்து செய்து 2016 பிப்ரவரியில் வெளியிட்டிருக்கிறார். தமிழ் கிடையாது. ஆங்கிலம் கொஞ்சம் எழுத்துக்கூட்டிப் படித்தாலே போதும், அவ்வளவு எளிது. விவசாயப் பகுதியைப் பற்றி நான் அதிகம் சொல்லப் போவதில்லை. தண்ணீர் ஊற்றினால் முளைக்கிறது, காய்த்தால் பறிக்கிறோம், அருமையாக இருக்கிறது. என் பஞ்சாயத்து மீன்பிடியோடுதான்.

இரண்டாம் நாள் காலையில் வில்லி என்ற மீனவரிடமிருந்து கடிதம் வரும். கடற்கரைக்குப் போனால் ஒரு மூங்கில் தூண்டிலைக் கையில் கொடுப்பார். தூண்டிலை வீசி, தலைக்கு மேல் ஆச்சரியக்குறி வந்ததும் பட்டனைத் தட்ட வேண்டும். உடனே செங்குத்தாக ஒரு நீளப் பெட்டி திறக்கும். அதற்குள் ஒரு குட்டி மீன் படம் மேலும் கீழும் அலையும். நம் கையில் இருப்பது ஒரு பச்சைப் பட்டை. பட்டனை அழுத்தினால் பட்டை ஏறும், விட்டால் இறங்கும். மீன் பட்டைக்குள் இருக்கும்வரை ஓரத்தில் இருக்கிற கோடு நிரம்பும், வெளியே போனால் வடியும். நிரம்பினால் மீன் நமக்கு. வடிந்து காலியானால் மீன் போயிற்று. சொல்லும்போது சின்னப்பிள்ளை விளையாட்டு மாதிரிதான் இருக்கிறது.

முதல் மீன் எப்படியோ மாட்டியது. அடுத்த நாள், மூன்றாம் தேதி, மழை. யார் விளையாடினாலும் முதல் வசந்தத்தில் மூன்றாம் தேதி மழைதான். மழைக்கு மீன் ஏறுமே என்று ஆற்றங்கரையில் போய் நின்றேன். நின்றது கெளுத்திக்கு முன்னால். மழை நாளில் மட்டும் ஆற்றில் வருகிற மீன் அது. விளையாட்டின் கணக்கில் ஒவ்வொரு மீனுக்கும் முரட்டுத்தனத்துக்கு ஒரு எண் உண்டு. கெண்டைக்கு 15, கெளுத்திக்கு 75. எனக்கு இதெல்லாம் பின்னால் மகள் சொல்லித்தான் தெரியும். அன்றைக்குத் தெரிந்தது, மீன் பெட்டிக்குள் பேய் பிடித்த மாதிரி குதித்தது, என் பட்டை அதற்கு எதிர்ப்பக்கமாகவே போய்க்கொண்டிருந்தது, இரண்டு மூச்சுக்குள் எல்லாம் முடிந்தது என்பதுதான். ஏழெட்டு தடவை அறுத்துக்கொண்டு போனது. ஒவ்வொரு வீச்சுக்கும் 8 சக்தி குறைகிறது, முதலில் நமக்கு இருப்பதே 270. களைத்துப்போய்ப் படுத்தேன், விளையாட்டிலும் வெளியிலும்.

மகளுக்கு போன் போட்டேன். “எனக்கு வயசாச்சு கண்ணு, கை ஓட மாட்டேங்குது.”

“கை ஓடறதுல ஒண்ணும் இல்லம்மா. நீ அமுத்திப் புடிச்சிட்டே இருக்கே, அதான்.”

அந்த ஒரு வாக்கியத்தில்தான் எனக்கு விளங்கியது. மோட்டார் பொருத்திய தையல் மெஷினில் புதிதாக உட்காருகிறவர்கள் எல்லாரும் செய்கிற தப்பு இது. பெடலில் காலை வைத்ததும் முழுசாக மிதிப்பார்கள். மெஷின் சீறிக்கொண்டு போகும், துணி கோணலாக ஓடும், பதறிக் காலை எடுத்தால் நின்றுவிடும், மறுபடி மிதிப்பார்கள். கழுத்து வளைவில் பைப்பிங் வைக்கிறபோது யாராவது அப்படி மிதிப்பார்களா? கால் பெருவிரலால் ஒரு தொடு, விடு. ஒரு தொடு, விடு. நாலு தையல் ஓடும், துணியைத் திருப்பு, மறுபடி ஒரு தொடு. வேகம் பெடலை விடுவதில்தான் இருக்கிறது. பச்சைப் பட்டையும் அப்படியே. அதற்கு ஒரு கனம் உண்டு. நீளமாக அழுத்தினால் ஏற ஏற வேகம் கூடும், விட்ட பிறகும் கொஞ்ச தூரம் ஏறிவிட்டுத்தான் திரும்பும். விழும்போதும் வேகம் பிடித்துக்கொண்டு, அடியில் மோதிப் பந்து மாதிரி எம்பும். சின்னச் சின்னதாக, ஒரே சீராகத் தட்டிக்கொண்டிருந்தால் பட்டை ஒரே இடத்தில் மிதக்கும். முதலில் அந்த மிதக்க வைப்பதை மட்டும் பழகினேன். மீன் போனால் போகட்டும் என்று இரண்டு ராத்திரி பட்டையைப் பெட்டியின் நடுவில் நிறுத்துவது ஒன்றே வேலை.

அப்புறம் கண்ணில் பட்டது இன்னொன்று. ஆட்டம் தொடங்கும்போது மீனும் பட்டையும் இரண்டுமே அடியில்தான் இருக்கின்றன. நான் பதற்றத்தில் எடுத்த எடுப்பிலேயே அழுத்தி, பட்டையை மட்டும் மேலே அனுப்பிவிட்டு, கீழே இருக்கிற மீனைத் தனியாக விட்டுக்கொண்டிருந்தேன். இப்போது பெட்டி திறந்ததும் அரை மூச்சு பொறுத்து, மீன் எந்தப் பக்கம் கிளம்புகிறது என்று பார்த்துவிட்டுத்தான் தட்டுகிறேன். இறங்கும்போது அடியைத் தொடுவதற்கு முன்னால் இரண்டு தட்டு. அது பிரேக். பட்டை எம்பாமல் மெத்தென்று உட்காரும். கண் எப்போதும் மீன் மேல் இருக்க வேண்டும், பட்டையைப் பார்க்கக் கூடாது. ஊசியைப் பார்த்துத் தைத்தால் தையல் கோணும், துணியின் விளிம்பைப் பார்க்க வேண்டும் என்று என்னிடம் தைக்கப் பழக வருகிற பெண்களிடம் சொல்லுவேன். அதே சங்கதி.

மீனுக்கு மீன் குணம் வேறு. கடலில் வசந்தத்தில் கிடைக்கிற நெத்திலி, மத்தி, ஹெர்ரிங் மூன்றும் பொடியன்கள்தான், ஆனால் வெடுக்கென்று துள்ளும். தூண்டில் கிடைத்த இடம் கடற்கரை என்பதால் எல்லாரும் அங்கேயே வீசி அவமானப்படுகிறோம். ஊருக்கு வடக்கே மலை ஏரிக்குப் போனால் கெண்டை கிடைக்கும். அது சாப்பிட்டுவிட்டுத் திண்ணையில் உலாத்துகிற பெரியவர் மாதிரி நகரும். கெண்டைக்கு விலை 30 தங்கக் காசுதான், ஆனால் பழகுவதற்கு அதைவிட நல்ல மீன் இல்லை. கோடை வந்தால் கடலில் ஆக்டோபஸ், மதியம் ஒரு மணி வரைக்கும்தான். அது கீழ்நோக்கித்தான் வேகமாகப் பாயும். பஃபர்ஃபிஷ், நம் பக்கம் பேத்தை என்பார்களே, அது மேல்நோக்கி. எது எப்படி என்று தெரிந்துவிட்டால் பாதி வேலை முடிந்தது.

இனி குறை. தொடக்கத்தில் பட்டை ரொம்பச் சின்னது. பெட்டி உயரத்தில் ஆறில் ஒரு பங்குதான் இருக்கும். மீன்பிடித் திறமை ஒவ்வொரு நிலை உயரும்போதும் கொஞ்சம் நீளும். பத்தாம் நிலையில் கிட்டத்தட்ட மூன்றில் ஒரு பங்கு. அதாவது ஒன்றும் தெரியாதவளுக்கு ஊசி முனை, எல்லாம் தெரிந்தவளுக்குக் கோணி ஊசி. எனக்கு இது தலைகீழாகப் படுகிறது. சரி, அதற்கு ஒரு வழியும் வைத்திருக்கிறார்கள். வில்லி கடையில் 25 காசுக்குப் பயிற்சித் தூண்டில் விற்கிறது. அதைப் பிடித்தால் பட்டை ஐந்தாம் நிலைக்காரர்களுக்கு இருக்கிற நீளம் வரும். சாதாரண மீன்தான் சிக்கும், தரமும் உயராது, பழகுகிறவளுக்கு அது போதாதா? ஆனால் இதை யாரும் கையில் கொடுத்துச் சொல்வதில்லை. கடையில் மற்றதோடு ஒன்றாகக் கிடக்கிறது. நான் பார்த்தது கோடையில். 25 காசு! ஒரு கெண்டை விலைகூட இல்லை. மூங்கில் தூண்டிலைத் தந்த அன்றைக்கே அந்த மனுஷன் இதையும் காட்டியிருந்தால் என் வசந்தம் பிழைத்திருக்கும்.

இரண்டாம் நிலை வந்ததும் 1,800 காசுக்கு ஃபைபர் கிளாஸ் தூண்டில். இதில்தான் இரை கோர்க்க முடியும். இரை ஒன்று 5 காசு, கோர்த்தால் காத்திருக்கிற நேரம் ஏறக்குறைய பாதியாகிறது. ஆறாம் நிலையில் 7,500 காசுக்கு இரிடியம் தூண்டில், அதில் மிதவை மாதிரி துணைப்பொருளும் மாட்டலாம். நான் கார்க் மிதவை போட்டிருக்கிறேன், 750 காசு, பட்டை நீளுகிறது. அடியில் மோதி எம்புவது தொல்லையாக இருக்கிறவர்களுக்கு ஈய மிதவை உண்டு.

பெட்டிக்குள் சிலசமயம் புதையல் பெட்டி தோன்றும். அது ஒரு சபலம். பட்டையை அதன்மேல் சில நொடி நிறுத்தினால் திறக்கும், ஆனால் அதற்குள் மீன் தப்பினால் புதையலும் போகும். ஓரத்துக் கோடு பாதிக்கு மேல் நிரம்பாமல் நான் அந்தப் பக்கம் திரும்புவதில்லை. மீன் ஒரு தடவைகூடப் பட்டையை விட்டு வெளியே போகாமல் பிடித்தால் ‘பெர்ஃபெக்ட்’ என்று வரும். மீனின் தரத்தைக் காட்டுகிற வெள்ளி நட்சத்திரம் தங்கமாகும், தங்கம் அதற்கும் மேலான இரிடியமாகும், விலையும் கூடும். முதன்முதலில் ஒரு கெண்டைக்கு அது வந்தபோது நான் போட்ட சத்தத்தில் எதிர்வீட்டு அக்கா, “என்னாச்சுங்க?” என்று கேட் வரைக்கும் வந்துவிட்டார்.

எதில் விளையாடுவது என்பதும் முக்கியம். லேப்டாப்பின் டச்பேடில் தயவுசெய்து வேண்டாம். அழுத்தி விடுகிற வேகம் வராது, விரலும் வழுக்கும். மவுஸ் பரவாயில்லை. எனக்கு ஒத்துவந்தது கீபோர்டில் இருக்கிற சி பட்டன். மவுஸ் கிளிக் செய்கிற வேலையை அதுவும் செய்யும். போனிலும் விளையாடிப் பார்த்தேன். கண்ணாடியைத் தொடுவதில் பட்டன் அழுந்தி எழுகிற உணர்வு இல்லாததால் என் தட்டு சீராக வரவில்லை. நடுவில் ஒரு ஆசைக்கு, டவுனில் ஒரு கடையில் பழைய கன்ட்ரோலர் ஒன்றை 900 ரூபாய்க்கு வாங்கினேன். பட்டன் அமுங்கினால் எழாது. பட்டை மேலே போய் ஒட்டிக்கொண்டது. திருப்பிக் கொண்டுபோனால், “கேம்ல பிரச்சனைங்க்கா” என்றார் கடைக்காரர். பதினாறு வருஷமாக ஸ்பிரிங் போன பெடலைக் கழற்றி மாட்டுகிறவளிடம்! பணம் வரவில்லை. நானே பிரித்துத் துடைத்து எண்ணெய் விட்டுப் பார்த்தேன், கொஞ்சம் தேறியது. இப்போது மகள் வந்தால் அவள் அதில் விளையாடுகிறாள்.

வாங்கலாமா? வாங்கலாம். வெளிநாட்டு விலை 15 டாலர், இங்கே தள்ளுபடி நாள் பார்த்து மகள் இன்னும் குறைவாக வாங்கினாள். ஒருமுறை காசு கொடுத்ததோடு சரி, 2024-இல் வந்த 1.6 என்ற பெரிய புதுப்பிப்பு வரைக்கும் எல்லாம் இலவசமாகவே வந்திருக்கிறது. அதில்தான் சோனார் மிதவை வந்தது. அதை மாட்டினால் தூண்டிலில் மாட்டியிருப்பது எந்த மீன் என்று பிடிக்கும்போதே தெரிந்துவிடும். எனக்கு அது ரொம்பவும் பிடித்தது. கெளுத்தி என்று தெரிந்தால் நிமிர்ந்து உட்காருவேன், கெண்டை என்றால் டீயைக் கையில் எடுத்துக்கொள்ளலாம். மீன்பிடியே வேண்டாம் என்கிறவர்களும் பண்ணையை வைத்தே காலம் தள்ளலாம். ஆனால் ஊரின் சமூகக் கூடத்தைச் சீர்செய்ய மீன் கேட்பார்கள், அந்த ஆற்று மீன் பட்டியலில் நம் கெளுத்தியும் இருக்கிறது. முதல் வருஷம் வசந்தம் 13-ஆம் தேதி முட்டைத் திருவிழாவில் ஸ்ட்ராபெரி விதை ஒன்று 100 காசு. அதற்குள் கையில் காசு சேர்க்க மீனைவிட நல்ல வழி எனக்குத் தெரியவில்லை. நான் அந்த வருஷம் நாலு விதை வாங்கினேன். இரண்டாம் வருஷம் அறுபது.

இப்போது மூன்றாம் வருஷம், வசந்தம். திறமை பத்தாம் நிலை. மலை ஏரியில் ‘தி லெஜண்ட்’ என்று ஒரு மீன் இருக்கிறது, அதன் முரட்டுத்தனம் 110. வசந்தத்தில் மழை பெய்தால்தான் வரும். மூன்று தடவை தூண்டிலில் மாட்டி மூன்று தடவையும் போய்விட்டது. கடைசித் தடவை கோடு நிரம்ப ஒரு விரற்கடைதான் பாக்கி. இரண்டு மத்தியும் ஒரு ஹேஷ் பிரவுன்ஸும் (உருளைக்கிழங்கு வறுவல்) போட்டு ‘டிஷ் ஓ தி சீ’ சமைத்து ஃபிரிட்ஜில் வைத்திருக்கிறேன். சாப்பிட்டால் கொஞ்ச நேரத்துக்கு மீன்பிடித் திறமை 3 கூடும். விளையாட்டு டிவியில் நாளைக்கு மழை என்று சொல்லிவிட்டார்கள். எதிர்வீட்டு அக்காவின் பட்டு பிளவுஸுக்கு இன்னும் ஹூக் வைக்கவில்லை. புதன்கிழமை தருவதாகச் சொல்லியிருந்தேன், போய் வியாழன் என்று சொல்லிவிட்டு வர வேண்டும்.