செட்டிநாட்டில் அரை நாள் சுற்றுலா: தூண் வந்த கதை சொன்னார்கள், ஆள் வந்த கதையை விட்டுவிட்டார்கள்

போன மாதம் காரைக்குடியில் அரை நாள் 'பாரம்பரிய உலா' ஒன்றுக்குப் போய்வந்தோம். காலை எட்டரைக்கு வேன், கானாடுகாத்தானில் இரண்டு வீடு, ஆத்தங்குடியில் டைல்ஸ் போடும் இடம், மதியச் சாப்பாடு, கடைசியில் காரைக்குடி முனீஸ்வரன் கோயில் தெருவில் பழம்பொருள் கடை. சாப்பாடு சேர்த்து ஆளுக்கு 1,800 ரூபாய். நடத்துகிறவர்கள் பெயரை வேண்டுமென்றேதான் போடவில்லை, ஏனென்றால் நான் சொல்லப்போகும் குறை அவர்கள் ஒருவருக்கு மட்டும் உரியதில்லை. இதற்கு முன்னால் வேறு இரண்டு பேரிடம் போயிருக்கிறேன், அங்கேயும் இதே கதைதான்.

வேன் சொன்ன நேரத்துக்கு வந்தது, ஏசி வேலை செய்தது. வழிகாட்டித் தம்பிக்கு முப்பது வயதுக்குள் இருக்கும், வீட்டைப் பற்றி நன்றாகவே தெரிந்து வைத்திருக்கிறார். முகப்பு, பட்டாலை, வளவு, இரண்டாம் கட்டு என்று ஒவ்வொரு இடத்திலும் நிறுத்தி யார் எங்கே உட்காருவார்கள், கல்யாணமான மகனுக்கு எந்த அறை, பெண்கள் எந்த வாசல் வழியாக வருவார்கள் என்றெல்லாம் சொன்னார். சுவரைத் தடவிப் பார்க்கச் சொன்னார். சுண்ணாம்பும் முட்டை வெள்ளைக்கருவும் சேர்த்து மெழுகிய சுவர், உள்ளங்கை வழுக்கிக்கொண்டு போகிறது. இந்த வரைக்கும் கொடுத்த காசு செரித்துவிட்டது.

அப்புறம் தூண். "இது பர்மா தேக்குங்க, ஒரே மரம்" என்றார். என்னுடன் வந்திருந்த பெரியம்மா தூணைக் கையால் தட்டிப் பார்த்துவிட்டு, ஒன்றும் தெரியாதவர் மாதிரி கேட்டார்: "ஏன் தம்பி, பர்மாவுல அவ்வளவு சொத்து இருந்த ஊரை விட்டுட்டு எல்லாரும் ஏன் வந்துட்டாங்க?"

"யுத்தம் வந்துச்சு ஆச்சி. ஜப்பான்காரன் குண்டு போட்டான், தொழில் படுத்துருச்சு, வந்துட்டாங்க."

அவ்வளவுதான். அடுத்தது பெல்ஜியம் கண்ணாடிக்குப் போய்விட்டார். (இந்தப் பக்கம் வயதான அம்மா யாராக இருந்தாலும் ஆச்சிதான். பெரியம்மா செட்டியார் வீட்டுப் பெண் இல்லை, ஆனால் திருத்தவில்லை.) பெரியம்மா பிறந்தது பர்மாவில், பெகு என்ற ஊரில். அவர் அப்பாவுக்கு அங்கே ஒரு சின்ன மளிகைக் கடை. 1964இல், பத்து வயதில், கப்பலில் மெட்ராஸுக்கு வந்து இறங்கினார். ஜப்பான் யுத்தம் முடிந்து பத்தொன்பது வருஷம் கழித்து!

என் குறையே அந்த ஒற்றை வரிதான். ரங்கூனில் நடந்ததில் யுத்தம் ஒரு பாதி, அதுவும் பின்பாதி. 1930 மே மாதம் ரங்கூன் துறைமுகத்தில் மூட்டை தூக்கிய தெலுங்குக் கூலிகள் சம்பள உயர்வு கேட்டு வேலைநிறுத்தம் செய்தார்கள். கப்பல்காரர்கள் பர்மியர்களைக் கூட்டிவந்து வேலை வாங்கினார்கள். நிறுத்தம் முடிந்து கூலி கொஞ்சம் ஏறியதும் இந்தியர்களைத் திரும்ப எடுத்துக்கொண்டு பர்மியர்களைப் போகச் சொல்லிவிட்டார்கள். மே 26ஆம் தேதி அங்கே ஆரம்பித்த அடிதடி நகரம் முழுக்கப் பரவியது. அரசுக் கணக்கிலேயே செத்தவர்கள் நூறுக்கு மேல், மற்றவர்கள் சொல்லும் கணக்கு அதைவிட அதிகம். வேலையைக் கொடுத்ததும் பிடுங்கியதும் முதலாளி, கத்திக்குத்து வாங்கினவன் இடுப்புத் துணியோடு இருந்த கூலி. அந்தச் சூட்டிலேதான் 'நாம் பர்மியர்' என்று பொருள்படும் தொபாமா இயக்கமும் பிறந்தது.

1938 ஜூலையில் திரும்பவும். புத்தரை இழிவுபடுத்தியதாகச் சொல்லப்பட்ட ஒரு புத்தகத்தை வைத்து ஆரம்பித்து, முதலில் இந்திய முஸ்லிம்களைக் குறிவைத்து, அப்புறம் மற்ற ஊர்களுக்கும் பரவியது. இந்த இரண்டும் குண்டு விழுவதற்கு முன்னால் நடந்தவை. ரங்கூனில் முதல் குண்டு விழுந்தது 1941 டிசம்பர் 23ஆம் தேதிதான்.

சரி, கோபம் எங்கிருந்து வந்தது? அதைச் சொல்ல இந்த வீட்டை விடப் பொருத்தமான இடம் கிடையாது, அங்கேதான் எனக்கு வயிற்றெரிச்சல். கீழ்ப் பர்மாவில் நெல் விளைவிக்கக் கடன் கொடுத்தது பெரும்பாலும் இங்கிருந்து போன செட்டியார்களின் வட்டிக்கடைகள். 1930 வாக்கில் பர்மாவில் ஆயிரத்து அறுநூறுக்கு மேல் செட்டியார் கடைகள், அவற்றில் புரண்ட பணம் 75 கோடி என்று அன்றைய வங்கி விசாரணைக் குழு கணக்குப் போட்டது. 1930களின் உலகப் பொருளாதாரப் பெருமந்தத்தில் நெல் விலை சரிந்தது, கடன் வாங்கிய விவசாயியால் கட்ட முடியவில்லை, அடமானம் வைத்த நிலம் கடைக்கு வந்து சேர்ந்தது. கீழ்ப் பர்மாவின் முக்கியமான 13 நெல் மாவட்டங்களில் செட்டியார்கள் கையில் இருந்த நிலம் 1930இல் 6 சதவீதம், 1937இல் 25 சதவீதம். ரொக்கம்தான் வேண்டும், நிலத்தை வைத்துக்கொண்டு நாங்கள் என்ன செய்ய என்றுதான் கடைக்காரர்களும் சொன்னார்கள். அது உண்மையும்கூட. ஆனால் உழுத நிலம் போனவனிடம் அதைச் சொல்லி என்ன ஆகப்போகிறது?

இதைச் சொன்னால் செட்டியார்களைக் குறை சொல்வதாக நினைப்பார்களோ என்று வழிகாட்டிகள் பயப்படுகிறார்கள் போலிருக்கிறது. நான் அப்படி நினைக்கவில்லை. 1931 கணக்கெடுப்பில் பர்மாவில் இருந்த இந்தியர்கள் பத்து லட்சம், ரங்கூன் ஜனத்தொகையில் பாதிக்கு மேல் இந்தியர்கள். அதில் லேவாதேவி செய்தவர்கள் எத்தனை பேர்? மீதியெல்லாம் கூலி, ரிக்‌ஷா இழுப்பவர், கடலைக்கடை, சலவை, சமையல். நிலத்துக்காக மூண்ட கோபம் நிலமே இல்லாதவன் தலையில் வந்து விழுந்தது, ஊர்க்காரன் கண்ணுக்கு எல்லாரும் ஒரே 'கலா' (இந்தியர்களைப் பர்மியர் இளக்காரமாகக் கூப்பிடும் பேர்). பெரியம்மா வேனில் சொன்னார்: "பள்ளிக்கூடத்துல கூப்பிடுறதே அப்படித்தான். எனக்கு அது என் பேருன்னே ரொம்ப நாள் நெனப்பு."

1942இல் ஜப்பான் படை பர்மாவுக்குள் வந்தபோது நடந்த நடையைப் பற்றியும் ஒரு வார்த்தை வரவில்லை. ஏறக்குறைய ஐந்து லட்சம் பேர் இந்தியாவுக்குக் கிளம்பினார்கள், கப்பலில் இடம் கிடைக்காதவர்கள் அரக்கான் வழியாகவும் தாமு – இம்பால் மலைவழியாகவும் நடந்தே வந்தார்கள், காலராவிலும் மலேரியாவிலும் பட்டினியிலும் பல்லாயிரம் பேர் வழியிலேயே செத்தார்கள். வசதியான பாதை வெள்ளைக்காரருக்கு, மோசமான பாதை மற்றவர்களுக்கு, அதற்கு வெள்ளைப் பாதை, கறுப்புப் பாதை என்று பேர் வேறு.

சாப்பாடு அருமை, ஒரு குறையும் கிடையாது. வாழை இலை, வெள்ளைப் பணியாரம், கோழி, கடைசியில் கவுனி அரிசி. அது பர்மாவிலிருந்து வந்த அரிசி என்று பரிமாறிய அம்மாவே சொன்னார், அதுவே வழிகாட்டி சொன்னதைவிட அதிகம். கழிப்பறை சுத்தமாக இருந்தது. பழம்பொருள் கடைக்கு மட்டும் போகாமலே இருந்திருக்கலாம். முக்கால் மணி நேரம் அங்கே நிறுத்திவிட்டார்கள், ஒவ்வொன்றாக எடுத்துக் காட்டி வாங்குங்கள் வாங்குங்கள் என்று பின்னாலேயே வருகிறார்கள், வழிகாட்டிக்குக் கமிஷன் உண்டோ என்று தோன்றியது. அரக்கு பூசிய பர்மா மரவை (மரப் பாத்திரம்) ஒன்று, மூடி விரிசல் விட்டது, நாலாயிரத்து ஐநூறு சொன்னார்கள். பெரியம்மா அதைக் கையில் எடுத்துவிட்டு வைத்துவிட்டார். அவர் வீட்டிலும் ஒன்று இருந்ததாம். 1964இல் பர்மாவில் நே வின் ராணுவ அரசாங்கம் கடைகளை எடுத்துக்கொண்டபோது அப்பா சேர்த்து வைத்திருந்த பணம் முழுக்க ஐம்பது, நூறு கியாத் நோட்டு, மே மாதம் அதுவும் செல்லாது என்று அறிவித்துவிட்டார்கள். கப்பல் ஏறும் இடத்தில் அம்மாவின் தோட்டைக் கழற்றச் சொன்னார்களாம். மரவையை யாரும் கேட்கவில்லை, ஆனால் தூக்கிவரக் கை இல்லை, இடுப்பில் தம்பி. அந்த வருஷங்களில் இப்படி வந்தவர்கள் லட்சக்கணக்கில்.

எனக்கு நிஜமாகவே கோபம் வந்த இடம் இதற்கு அப்புறம். அப்படி வந்தவர்களுக்காக உண்டான பர்மா காலனி காரைக்குடியிலேயே இருக்கிறது. காரைக்குடியில் ஒரு டீ குடிக்கிற நேரத்தில் போய்விடலாம். பர்மா தேக்கைப் பார்க்க அரை நாள் ஒதுக்குகிறவர்களுக்கு, பர்மாவிலிருந்து வந்த மனிதர்கள் குடியேறிய தெருவில் பத்து நிமிஷம் நிறுத்த மனசு வரவில்லை. கேட்டதற்கு "அங்க பாக்க ஒண்ணும் இல்லைங்க, சாதாரண வீடுங்க" என்றார். பெரியம்மா குடும்பம் முதல் இரண்டு வருஷம் ஒரு சொந்தக்காரர் வீட்டில் அந்தப் பக்கம்தான் இருந்தார்கள். தண்ணீர்க் குழாயில் "பர்மாக்காரி, தள்ளி நில்லு" என்று சொன்ன பெண்ணின் முகம் இன்னும் ஞாபகம் இருக்கிறதாம். அங்கே கலா, இங்கே பர்மாக்காரி.

இறக்கிவிடும்போது அந்தத் தம்பி வேனிலிருந்து இறங்கி வந்து, "ஆச்சி, பெகுவுல உங்க கடை எந்தப் பக்கம்?" என்று கேட்டார். வாசல் திண்ணையில் இரண்டு பேரும் உட்கார்ந்துவிட்டார்கள். டிரைவர் இரண்டு தடவை ஹாரன் அடித்துப் பார்த்துவிட்டு வண்டியை அணைத்துவிட்டார். முக்கால் மணி நேரம் கழித்துத்தான் கிளம்பினார்கள். 1930, 1964 என்று அவர் போனில் குறித்துக்கொண்டதை நான் பார்த்தேன்.

ஐந்துக்கு மூன்றரை கொடுக்கிறேன். வீட்டுக்கும் சாப்பாட்டுக்கும் மூன்று, அந்தத் திண்ணைக்கு அரை. பதிவு செய்யும்போதே பழம்பொருள் கடை வேண்டாம், அந்த நேரத்தில் பர்மா காலனிக்கு ஒரு நடை என்று கேளுங்கள், இன்னும் இரண்டு பேர் கேட்டால் செய்வார்கள் என்று நினைக்கிறேன். வெயிலுக்குத் தொப்பியும் கழற்றி மாட்ட லேசான செருப்பும் எடுத்துப் போங்கள், ஒவ்வொரு வீட்டு வாசலிலும் கழற்ற வேண்டும்.