ஹாலிவுட்டா, ஐரோப்பாவா? மெக்சிகோவின் இரு நடிகைகள்

1950களில் மெக்சிகோ நடிகை வெளிநாட்டுக்குப் போக நினைத்தால் முக்கியமாக இரண்டு வழிகள் இருந்தன. மரியா ஃபெலிக்ஸ் ஐரோப்பாவைத் தேர்ந்தார். காட்டி ஹுராடோ ஹாலிவுட்டை.

ஃபெலிக்ஸ் போகும்போதே நட்சத்திரம். 1943-இல் வந்த 'டோன்யா பார்பரா' அவருக்கு 'லா டோன்யா' (சீமாட்டி) என்ற பட்டத்தையே தந்துவிட்டது. அதனால் ஸ்பெயின், இத்தாலி, பிரான்ஸ் எங்கும் அவருக்காகவே வேடங்கள் காத்திருந்தன. பிரெஞ்சு இயக்குநர் ழான் ரெனுவாரின் 'பிரெஞ்ச் கான்கான்' படத்தில் அந்நாட்டு நட்சத்திரம் ழான் கபேனுடன் நடித்தார். ஹாலிவுட் பக்கம் கடைசிவரை போகவில்லை.

ஹுராடோவின் பாதை கரடுமுரடானது. முதல் ஹாலிவுட் படத்தில் ஆங்கிலம் சரியாகத் தெரியாமல், வசனங்களை ஒலியாக மனப்பாடம் செய்து பேசினார். அடுத்த ஆண்டே, 1952-இல், 'ஹை நூன்'. அதில் அவர் ஏற்ற ஹெலன் ரமிரெஸ் சொந்தத் தொழில் நடத்துபவள், யாருக்கும் தலைவணங்காதவள். அன்றைய அமெரிக்கப் படங்களில் மெக்சிகோப் பெண்ணுக்கு இப்படியொரு பாத்திரம் கிடைப்பது அபூர்வம். கோல்டன் குளோப் விருது வந்தது. 'புரோக்கன் லான்ஸ்' படத்துக்கு ஆஸ்கர் பரிந்துரையும் வந்தது; மெக்சிகோ நடிகை ஒருவருக்கு அதுவே முதல் முறை. ஆனால் அதிலும் செவ்விந்திய மனைவி வேடம்தான். இப்படிப்பட்ட வேடங்களைத் தாண்ட ஹாலிவுட் அவரை அதிகம் விடவில்லை.

கௌரவம் என்று பார்த்தால் ஃபெலிக்ஸின் முடிவு சரி. நடிப்பு என்று வந்தால் என் ஓட்டு ஹுராடோவுக்கே: சின்ன வேடத்திலும் அவர் கண்கள் காட்சியைத் தன் பக்கம் இழுத்துவிடும். இயக்குநர் லூயிஸ் புனுவேல் இருவரையும் இயக்கியிருக்கிறார். அவற்றில் ஹுராடோ நடித்த 'எல் புருட்டோ'வை முதலில் பாருங்கள்.